பஸ் தரிப்பிடத்துக் கல்

1988இல் சாய்ந்தமருதுச் சந்தியில் இளைஞர் சங்கம் ஒரு பஸ் தரிப்பிடம் கட்டியது. அதில் பதிக்க எழுத்து வெட்டிய கல்லைச் சங்கச் செயலாளர் ஜவுபர் றாஹிலாவிடம் காட்டினான். ‘தமிழரால் கொல்லப்பட்ட மீராசா நினைவாக’ என்றிருந்தது. மீராசா அவளுடைய கணவர். மூன்று வருடங்களுக்கு முன் நடந்த தமிழர்–முஸ்லிம் கலவரத்தில், வயலிலிருந்து திரும்பும்போது துப்பாக்கிச் சூடுபட்டு இறந்தவர்.

“இத வைக்காதீங்க தம்பி. சுட்டது ஆரெண்டு ஒருத்தருக்கும் தெரியா. காயப்பட்டவரத் தூக்கினது ஆரெண்டு எனக்குத் தெரியும்.”

“ஊரே சொல்லுது, றாத்தா.”

“ஊர் அங்க நிக்கல்ல.”

மறுநாள் காலை அவள் தனியே பக்கத்துத் தமிழ் ஊரான காரைதீவுக்கு நடந்தாள். கலவரத்துக்குப் பிறகு அந்தப் பக்கம் போனதே இல்லை. காயப்பட்ட மீராசாவைத் தன் மாட்டுக் கரத்தையில் ஏற்றி வந்த புண்ணியமூர்த்தி முற்றத்தில் நெல் காயவைத்துக்கொண்டிருந்தார். சங்கக் கூட்டத்தில் வந்து நடந்ததைச் சொல்லும்படி அவள் கேட்டதும் தயங்கினார்.

“அங்க வந்தா என்னச் சும்மா விடுவாங்களா, தங்கச்சி?”

அவர் மனைவி தங்கரத்தினம் உள்ளிருந்து வந்தாள். “அந்தப் பிள்ள தனிய இஞ்ச வந்திரிக்கி. நீங்க போங்க.”

வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகைக்குப் பிறகு சங்கம் கூடியது. புண்ணியமூர்த்தியைக் கண்டதும் சிலர் சத்தம் போட்டார்கள். றாஹிலா அவர் பக்கத்தில் போய் நின்றாள்.

“வழியில தண்ணி கேட்டாரு, குடுத்தன்,” என்றார் அவர். “ஆசுபத்திரி வாசலிலதான் உயிர் போச்சு. அடுத்த நாள் என்ட தம்பி பாக்கியராசாவ இந்தச் சந்தியிலதான் அடிச்சே சாகடிச்சாங்க. அவன்ட பேர் எந்தக் கல்லிலயும் இல்ல.”

“அவன் சைக்கிளால விழுந்து செத்தவன்!” என்று கடைக்கார அபூசாலி கத்தினார். ஊரில் எல்லோரும் அப்படித்தான் சொல்லி வந்தார்கள்.

ஜவுபர் எழுந்தான். “இல்ல, அபூசாலி காக்கா. நான் அங்க நிண்டன். நானும் கல்லெறிஞ்சன்.”



முதற்கல் ஒதுக்கப்பட்டது. புதிய கல்லில் பாக்கியராசாவின் பெயரும் வரவேண்டுமா என்று மாதக்கணக்கில் வாக்குவாதம் நடந்தது. அபூசாலி சங்கத்தைவிட்டே விலகினார். கடைசியில் இரண்டு பெயர்களும் தேதிகளும் மட்டும் பதிந்த கல் நின்றது.

பாக்கியராசாவின் அடுத்த திவசத்துக்கு ஜவுபர் காரைதீவுக்குப் போனான். இறந்தவனின் மனைவி பூமணி அவனுடன் ஒரு வார்த்தைகூடக் கதைக்கவில்லை. தேத்தண்ணி மட்டும் கொண்டுவந்து வைத்தாள். அவன் விடைபெற எழுந்தபோதுதான் வாய் திறந்தாள்.

“இரிங்க தம்பி. அண்டைக்கு நடந்தத முழுக்கச் சொல்லுங்க. ஒருத்தரும் எனக்குச் சொல்லல்ல.”

ஜவுபர் மறுபடி உட்கார்ந்து, எதையும் மறைக்காமல் சொல்லத் தொடங்கினான்.