அடுத்த வீட்டு விதை

விடிந்தும் விடியாத நேரம். வாய்க்காலுக்குள் முழங்கால் வரை சேற்றில் நின்று, குனிந்த தலை நிமிராமல் மண்ணை வாரிக்கொண்டிருந்தார்கள் குத்தகைக்காரர்கள். ஆண்கள் வெட்டிக் கொடுக்க, பெண்கள் கூடையில் சுமந்து கரையேறிக் கொட்டினார்கள். ஈரச் சேற்றின் கனம் கழுத்து நரம்பை இழுத்தது. கூடைப் பொத்தல் வழியாக ஒழுகிய கறுப்புத் தண்ணீர் நெற்றியில் வழிந்து வாய்க்குள்ளும் போனது. இந்த வாய்க்காலில் வரும் தண்ணீர் முதலில் முதலாளியின் சொந்த நிலத்துக்குப் பாயும். மிச்சம் இருந்தால் இவர்களுக்கு. தூர்வாரும் வேலைக்குக் கூலி கிடையாது. நிலம் கொடுத்தவருக்குக் காட்டும் நன்றியாம். நன்றி இவ்வளவு கனக்கும் என்று நிலத்தைக் கொடுத்தபோது யாரும் சொல்லவில்லை.

எல்லோருக்கும் முன்னால் ஏறி, எல்லோருக்கும் முன்னால் இறங்கிக்கொண்டிருந்தாள் சக்கரம். பெற்றவர்கள் வைத்த பெயர் வேறு. ‘காலில் சக்கரத்தைக் கட்டிக்கொண்டு பிறந்தவள்’ என்று மாமியார் ஒருநாள் திட்டியது அப்படியே ஒட்டிக்கொண்டது. ஆனால் அன்றைய வேகம் சுறுசுறுப்பால் வந்ததல்ல. நின்றால் யோசனை வந்துவிடும் என்று பயந்து ஓடிய வேகம் அது.

முந்தின நாள் முதலாளியின் கண்காணி வந்து எல்லோரையும் கூட்டிவைத்துச் சொல்லிவிட்டுப் போயிருந்தான். இந்தப் போகம் யாரும் சொந்த விதை போடக் கூடாது. முதலாளியின் கிட்டங்கியில் கம்பெனி விதை வந்து இறங்கியிருக்கிறது. மூட்டையைத் தூக்கியவனுக்கு நிலம் நிற்கும். தூக்காதவன் நிலத்தையும் வீட்டையும் விட்டுவிட வேண்டும். அந்த விதையைப் பக்கத்து ஊர்க்காரர்கள் பார்த்திருந்தார்கள். மருந்து பூசி ரோஸ் நிறத்தில் இருக்குமாம். நன்றாகவே விளையுமாம். ஆனால் விளைந்ததில் எடுத்து வைத்து மறுபடி விதைத்தால் ஒன்று நெட்டை, ஒன்று குட்டை, பாதிக் கதிர் பதர். ஆகவே வருஷா வருஷம் கிட்டங்கி வாசலில் போய்க் கைகட்டி நிற்க வேண்டும். முதலாளிக்கு வேண்டியிருந்ததும் அதுதான்.

கூட்டம் கலைந்த பிறகு கண்காணி சக்கரத்தின் வீட்டுப் பின்பக்கமாக வந்தான். குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

“எல்லாருக்கும் முன்னாடி நீங்க போய் மூட்டையைத் தூக்குங்க. ஒருத்தர் தூக்கிட்டா மத்தவங்க தானா வருவாங்க. உன் ஓரகத்தி நிலம் இருக்குல்ல, அதையும் சேர்த்து உங்களுக்கே வாங்கித் தர்றேன்.”

“அவங்க எங்க போவாங்க?”

“குத்தகை அவ புருஷன் பேர்ல இருந்துச்சு. ஆளு போய்ச் சேர்ந்தாச்சு. அவளுக்கு இனிமே என்ன நிலம் வேண்டிக் கெடக்கு? இன்னும் நாலு நாள்ல வீட்டைப் பூட்டப் போறோம்.”

ஓரகத்தியோடு சக்கரத்துக்குப் பேச்சுவார்த்தை நின்று பல வருஷங்கள் ஆயிற்று. நிலத்துக்குப் போகும் ஒரு கொடித்தடப் பாதையில் தொடங்கிய சண்டை, பிறந்த வீட்டை இழுத்து, வளர்ப்பை இழுத்து, சேர முடியாத இடத்துக்குப் போய்விட்டது. அதன் பிறகு ஒருத்தியிடம் சொல்ல வேண்டியதை இன்னொருத்தி கோழியைப் பார்த்துச் சொன்னாள். அந்தக் கோழிகள் பட்ட பாடு கொஞ்சநஞ்சமல்ல.

ஆனாலும் விதைப்பானை மட்டும் மாறவில்லை. தன் விதையைத் தன் வீட்டில் வைத்துக்கொள்ளும் பழக்கம் இந்த வரிசை வீடுகளில் கிடையாது. ஒவ்வொரு வீட்டு விதையும் இன்னொரு வீட்டில் இருக்கும். பசி வந்தால் சொந்தப் பானைமேல் கை தன்னால் போய்விடும். அடுத்தவர் பானை என்றால் கை கூசும். அதனால் இப்படி ஒரு ஏற்பாடு. சக்கரத்தின் சோளம் ஓரகத்தி வீட்டிலும், ஓரகத்தியின் சோளம் சக்கரத்தின் வீட்டிலும் இருந்தன. அறுவடை முடிந்ததும் இருவரும் வாசலில் நின்று, முகத்தைத் திருப்பிக்கொண்டு, பானையை மட்டும் பச்சைப் பிள்ளையைக் கொடுப்பதுபோல் பத்திரமாகக் கைமாற்றிக்கொள்வார்கள். எந்தப் பானையிலிருந்தும் முழுவதையும் விதைக்க மாட்டார்கள். பாதி மண்ணுக்கு, பாதி மறு வருஷத்துக்கு.

அன்று மத்தியானம் சேற்றைக் கழுவிவிட்டு வந்து உட்கார்ந்த புருஷன் வாயைத் திறந்தான். அவன் பேசுவதே அபூர்வம்.

“தூக்கிடலாம்.”

“எதை?”

“மூட்டையை. நாம எடுக்கலேன்னா வேற யாராச்சும் எடுக்கத்தான் போறான். பொண்ணு வளர்ந்துட்டு வர்றா. ரெண்டு நிலம் இருந்தா மூச்சு விடலாம்.”

“அக்காவோட நிலத்தையா?”

“நாமளா அவங்கள வெளிய அனுப்புறோம்?”

சக்கரத்துக்கும் அதே எண்ணம்தான் ராத்திரியெல்லாம் ஓடியது. இரண்டு நிலம். கடனில்லாத ஒரு வருஷம். மகளுக்குக் கிழியாத ஒரு பாவாடை. ஆசைப்படுவது குற்றமில்லை, இல்லாதவர்களை இப்படி ஆசைப்பட வைத்து ஒருத்தர் மேல் ஒருத்தரை ஏவிவிடுகிறானே, அவன் செய்வதுதான் குற்றம். ஆனால் அது அவளுக்கு அப்போது தோன்றவில்லை. வீட்டைப் பூட்டுவதற்கு முன்னால் தன் பானையை எடுத்துவிட வேண்டும் என்பது மட்டுமே தோன்றியது.

சாயங்காலம் ஓரகத்தியின் வாசலில் போய் நின்றாள். கோழியைத் தேடினாள். கோழி இல்லை. விற்றிருப்பாள்.

“என் பானை வேணும்” என்றாள், கதவைப் பார்த்து.

“உள்ள வா” என்றது குரல்.

வீட்டுக்குள் சாமான்கள் இரண்டு மூட்டைகளாகக் கட்டி வைக்கப்பட்டிருந்தன. அடுப்பில் சாம்பல்கூட இல்லை. வழித்தெடுத்துத் துடைத்துப் போட்டிருந்தாள். பரண்மேலிருந்து பானையை இறக்கி சக்கரத்தின் முன்னால் வைத்தாள். வாயில் துணி கட்டி மேலே களிமண் பூசிய பானை. களிமண்ணில் சக்கரத்தின் விரல் தடங்கள் பதிந்திருந்தன. போன வருஷம் பூசிய அதே தடங்கள். ஒரு கீறல் இல்லை.

“சரியா இருக்கான்னு பாத்துக்கோ” என்றாள் ஓரகத்தி.

சக்கரம் பார்க்கவில்லை. அந்த வீட்டில் கடைசியாக எப்போது அடுப்பு எரிந்தது என்று கணக்குப் போட்டாள். ஓரகத்தியின் புருஷன், அவளுடைய மச்சான், படுத்த படுக்கையாகக் கிடந்த நாட்களில் இந்த வீட்டுக் கூரையில் புகை வராததை அவள் பார்த்திருக்கிறாள். பார்த்தும் பார்க்காததுபோல் இருந்திருக்கிறாள்.

“மச்சான் படுத்திருந்தப்ப… வீட்டுல ஒண்ணும் இல்லையா?”

“ஏதாச்சும் ஆக்கிக் குடுன்னாரு. நான் இந்தப் பரணைப் பாத்தேன். அவரும் பாத்தாரு. ‘அது சின்னவளோடது, விட்டுடு’ன்னுட்டாரு.”

சக்கரத்துக்கு அழுதால் தேவலை போலிருந்தது, அழுகையும் வரவில்லை.

“உங்களுத நாளைக்குக் கொண்டாந்து தர்றேன் அக்கா.” எத்தனையோ வருஷங்களுக்குப் பிறகு அந்த ‘அக்கா’ நேராக வாயில் வந்தது.

“எனக்கு எதுக்குடி? நிலம் இல்லாதவளுக்கு விதை என்னத்துக்கு? நீயே வெச்சுக்கோ. ஆனா பொடிச்சுத் தின்னுடாதீங்க. அது அவரு பொறுக்கினது. கதிர் நிக்கும்போதே வயல்ல சுத்திச் சுத்தி வந்து, தேறினதுக்கெல்லாம் கழுத்துல வைக்கோலைச் சுத்தி அடையாளம் வெச்சாரு. ஒரு ஓரமா எங்கயாச்சும் போட்டு முளைக்க விடு. அந்த மனுஷன் கைபட்டது வேற ஒண்ணும் எங்கிட்ட இல்ல.”

சக்கரம் பானையை எடுக்காமலே வீட்டுக்கு வந்துவிட்டாள். உட்கார்ந்தாள், எழுந்தாள், வாசலுக்குப் போனாள், திரும்பி வந்தாள். புருஷன் கேட்டதற்கெல்லாம் எரிந்து விழுந்தாள்.

மறுநாள் வாய்க்காலில் கூடையைத் தூக்கியவள், தூக்கிய வேகத்தில் கீழே போட்டாள்.

“எல்லாரும் கேளுங்க. கண்காணி எங்க வீட்டுக்குப் பின்னால வந்தான். முதல்ல மூட்டையைத் தூக்குனா அக்கா நிலத்தையும் தர்றேன்னான். நான் சரின்னு சொல்லல. வேண்டாம்னும் சொல்லல. காறித் துப்புறவங்க துப்பிக்கலாம்.”

யாரும் துப்பவில்லை. வரிசை வீட்டு வண்டிக்காரரின் மண்வெட்டி பாதியில் நின்றது.

“அவ நிலத்தை உனக்கா? எனக்குல்ல தர்றேன்னான்!”

“எப்ப?”

“அன்னைக்கேதான். மாட்டுக்குத் தண்ணி காட்டிட்டு இருந்தேன்.”

மருத்துவச்சி கரையில் நின்றபடி முகத்தைத் துடைத்துக்கொண்டாள். இந்த வரிசையில் பாதிப் பேர் அவள் கையில் பிறந்தவர்கள். “எனக்கு வண்டிக்காரர் நிலத்தைத் தர்றேன்னான்” என்றாள்.

“என் நிலத்தையா? நான் இன்னும் உசுரோட நிக்கிறேன்ல?”

“அதைச் சொன்னேன். பாத்துக்கலாம்னான்.”

ஒருவன் சிரித்தான். அது இன்னொருவனுக்குத் தொற்றியது. சேற்றில் நின்றபடி எல்லோரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். மொட்டை மாமா மட்டும் சிரிக்கவில்லை. சக்கரத்தின் பக்கத்து நிலத்துக்காரர் அவர். தலையைத் தடவிக்கொண்டே நின்றவர், சிரிப்பு அடங்கியதும் சொன்னார்.

“சக்கரம், உன் நிலத்தை எனக்குத் தர்றேன்னான். நான் சரின்னுட்டேன்மா.”

சிரிப்பு நின்றுபோனது. கோபம் அப்போதுதான் வந்தது. ஒரே நிலத்தை இரண்டு பேருக்குக் காட்டி, ஒவ்வொருவரையும் அடுத்தவன் கழுத்தில் கை வைக்கச் சொல்லியிருக்கிறான். இவர்களும் வைக்கப் பார்த்திருக்கிறார்கள். அந்த வெட்கம்தான் அவர்களை அதிகமாகச் சுட்டது.

“மாமா, எங்க வீட்டு விதை அக்காகிட்ட இருக்கு. உங்களுது யார்கிட்ட?” என்றாள் சக்கரம்.

“மருத்துவச்சிகிட்ட.”

“அவங்களுது?”

“என்கிட்ட” என்றார் வண்டிக்காரர்.

“அப்ப ஒரு வீட்டைப் பூட்டுனா இன்னொருத்தர் நிலம் தரிசாப் போகும். இதுல யாரு நிலத்தை யாரு எடுத்துக்கிட்டு வாழறது?”

வாய்க்கால் வேலை அதோடு நின்றது. வெட்டிய பாதி அப்படியே கிடக்க, மண்வெட்டிகளைத் தோளில் போட்டுக்கொண்டு கரையேறினார்கள். கிளம்புவதற்காக ஓரகத்தி வீட்டுக்கு வெளியே எடுத்து வைத்திருந்த இரண்டு மூட்டைகளையும் மருத்துவச்சி தூக்கி உள்ளே வைத்தாள்.

அடுத்த நாள் விடிகாலைக் கருக்கலில் ஓரகத்தியின் நிலத்தில் எல்லோரும் இறங்கினார்கள். வண்டிக்காரரின் மாடுகள் ஏர் இழுத்தன. சக்கரம் தன் வீட்டிலிருந்த பானையின் களிமண்ணை உடைத்து, பூச்சிக்காகக் கலந்திருந்த சாம்பலைப் புடைத்து நீக்கி, செக்கச்செவேலென்ற சோளத்தில் பாதியை ஓரகத்தியின் மடியில் கொட்டினாள். ஓரகத்தி அதை ஒரு கணம் அளைந்து பார்த்தாள். பிறகு ஏர்ச்சாலில் நடந்துகொண்டே விதை விட ஆரம்பித்தாள். பின்னாலேயே வந்தவர்கள் காலால் மண்ணைத் தள்ளி மூடினார்கள்.

வெயில் ஏறும் நேரத்தில் முதலாளியும் கண்காணியும் ஜீப்பில் வந்தார்கள். முதலாளி இறங்கவில்லை, ஒரு காலை மட்டும் வெளியே வைத்தார்.

“யாரைக் கேட்டு விதைக்கிறீங்க?”

“மழையைக் கேட்டோங்க. வர்றேன்னுச்சு” என்றாள் மருத்துவச்சி.

“வாயைப் பாரு! இந்த நிலத்துக்குக் குத்தகைக்காரனே கிடையாது. செத்துட்டான்.”

“அவரு பொறுக்கின விதை சாகலீங்க” என்றாள் ஓரகத்தி. விதைத்த கை நிற்கவில்லை.

“விதை யாரோடது?”

“அக்காவோடது” என்றாள் சக்கரம்.

“எங்க இருந்துச்சு?”

“எங்க வீட்டுல.”

“ஏர்?”

“என்னுது” என்றார் வண்டிக்காரர்.

“அப்ப நான் யாரை வெளியேத்தணும்?”

“நீங்கதான் யோசிச்சுச் சொல்லணும்” என்றார் அவரே.

முதலாளிக்கு முகம் சிவந்தது. “எல்லாரையும் வெளியேத்துறேன். ஒரு ஈ காக்கா இருக்காது இங்க.”

அப்போது சக்கரத்தின் புருஷன் முன்னால் வந்தான். அவன் வாயைத் திறந்ததும் சக்கரத்துக்குப் பக்கென்றது.

“எல்லாரையும் வெளியேத்திட்டா வாய்க்காலை யாருங்க வாருவா? பாதியில நிக்குது. மேல தண்ணி திறந்தாலும் இங்க வந்து சேராது, உங்க நிலம்தான் முதல்ல காயும்.”

முதலாளி வெளியே வைத்த காலை உள்ளே இழுத்துக்கொண்டார். கண்காணி ஜீப்பின் சக்கரத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“நாளைக்குக் காலைல ஒவ்வொருத்தனும் கிட்டங்கிக்கு வரணும். வரலேன்னா டிராக்டரை விட்டு இதைப் புரட்டிடுவேன். வீடுகளுக்கெல்லாம் பூட்டு. உள்ள இருக்கற குண்டான் சட்டி எல்லாம் என்னுது” என்றார் முதலாளி.

ஜீப் போனது. அவர்கள் சாயங்காலம் வரை விதைத்தார்கள். ஒரு நிலம் முடிந்து அடுத்தது, அது முடிந்து அதற்கடுத்தது. ஆனால் சக்கரத்தின் மனது ஓரிடத்தில் நிற்கவில்லை. விதைத்ததைப் புரட்டிவிடுவான். மிச்சப் பாதி பானைகளில் இருக்கிறது. பானைகள் வீடுகளில் இருக்கின்றன. வீடுகள் எல்லாமே அவனுடையவை. பசியிடமிருந்து விதையைக் காப்பாற்ற வழி வைத்திருந்தார்கள். பூட்டிடமிருந்து காப்பாற்ற எந்த வழியும் வைத்திருக்கவில்லை.

வாய்க்காலுக்கு அக்கரையில் வேறொரு முதலாளியின் நிலம். அங்கே வேலை செய்கிறவர்கள் காலையிலிருந்து நின்று நின்று இந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இத்தனை வருஷத்தில் அவர்களோடு இவர்களுக்குத் தண்ணீர்ச் சண்டையைத் தவிர வேறு பேச்சு இருந்ததில்லை. வெளிச்சம் மங்குவதற்குள் சக்கரம் தன் பானையைத் தலையில் வைத்துக்கொண்டு வாய்க்காலில் இறங்கினாள். ஓரகத்தி தன் பானையோடு இறங்கினாள். பிறகு ஒவ்வொருவராக எல்லோரும் இறங்கினார்கள்.

அக்கரையில் நின்ற பெண் இரண்டடி பின்வாங்கினாள். “என்ன வேணும்?”

“எங்க விதை. உங்க வீட்டுல வெச்சுப்பீங்களா? நாளைக்கு எங்க வீடுகளைப் பூட்டப் போறாங்க.”

அந்தப் பெண் பானையைப் பார்த்தாள். வாய்க்காலில் வரிசையாக நிற்கிறவர்களைப் பார்த்தாள். “எங்களுக்கும் மூட்டை வருதுன்னு பேசிக்கறாங்க” என்றாள் மெதுவாக. “எங்க விதையை நாங்க எங்க கொண்டு போய் வைக்கறது?”

“எங்ககிட்டக் குடுங்க. நாங்க வெச்சுக்கறோம்.”

“நாளைக்கு உங்களுக்கு வீடே இருக்காதுங்கறீங்க. எங்கன்னு வைப்பீங்க?”

“வீடு இல்லாட்டி மடியில வெச்சுக்கறோம்” என்றாள் சக்கரம். “நாங்க இத்தனை பேர் இருக்கோம். எத்தனை மடியை அவனால பூட்ட முடியும்?”

அந்தப் பெண் குனிந்து சக்கரத்தின் தலையிலிருந்த பானையை இரண்டு கைகளாலும் வாங்கினாள். “இருங்க” என்று சொல்லிவிட்டுத் தன் பானையை எடுத்துவர வீட்டைப் பார்த்து ஓடினாள்.