சோம்பேறி

மண்ணெண்ணெயில் நனைத்த துணியால் செத்துப்போன தம்பியின் விரல்களை ஒவ்வொன்றாகத் தேய்த்துக்கொண்டிருந்தார் பெரியவர். உயிர் போய்விட்டது, கிரீஸ் கறைதான் போவேனா என்றது.

"விடுங்க மாமா, எல்லாரும் பாக்கறாங்க," என்றாள் தம்பி மனைவி.

"பாக்கட்டும். பாக்கக் கூடாதவன் வர்றதுக்குள்ள முடிச்சிடணும்."

பார்க்கக் கூடாதவன் கம்பெனி அதிகாரி. தொழிலாளிகள் அவனுக்கு வைத்த பெயர் சர்க்கரை. உட்காரவைத்து, குடிக்க ஏதாவது கொடுத்து, குடும்பத்தை விசாரித்துவிட்டு, அப்புறம்தான் சீட்டைக் கிழிப்பான். சங்கம் சேர்த்த குற்றத்துக்குத் தம்பியின் சீட்டையும் அப்படித்தான் கிழித்தான். தம்பி கோர்ட்டுக்குப் போனான். தலை நரைத்த பிறகு தீர்ப்பு வந்தது: நீக்கியது தப்பு, வெளியே நின்ற காலத்துக்கெல்லாம் சம்பளம் கொடு. கம்பெனி மேல்கோர்ட்டுக்கு ஓடியது. அங்கே ஒரே பாட்டு: இவன் வேறு இடத்தில் சம்பாதித்திருக்கிறான், அதனால் கொடுக்க முடியாது.

நல்ல சட்டம். அநியாயமாகத் துரத்தப்பட்டவன் பட்டினி கிடந்தால் கூலி உண்டு. பெண்டாட்டிக்குச் சோறு போட்டுவிட்டால் கிடையாது. இதை எழுதினவன் வீட்டு அடுப்பு ஒரு வேளையாவது எரியாமல் இருந்திருக்குமா என்று பெரியவர் வக்கீலிடம் பல தடவை கேட்டிருக்கிறார். வக்கீல் சிரிப்பதோடு சரி. எங்கும் வேலை செய்யவில்லை என்று சத்தியம் செய்து எழுதிக் கொடுத்துவிட்டு, பின்சந்து லேத்துப் பட்டறையில் கதவைச் சாத்திக்கொண்டு வேலை பார்த்தான் தம்பி. இன்று காலை அங்கேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு விழுந்தான்.

வாசலில் கார் நின்றது. சர்க்கரை இறங்கினான், வண்டிச் சக்கரம் போல ஒரு மலர்வளையத்தோடு. பெரியவர் வெள்ளைத் துணியை இழுத்துத் தம்பியின் கைகளை மூடினார். கட்டைவிரல் பாக்கி.

"ரொம்ப வருத்தமா இருக்கும்மா. கேஸ் இனிமே உங்க பேர்லதான் நடக்கும்," என்றான் சர்க்கரை. குரலில் எறும்பு மொய்க்கும். "கடைசி நேரத்துல எங்க இருந்தாரு?"

"வீட்டுலதான்," என்றார் பெரியவர்.

அந்த நேரம் பார்த்துப் பட்டறைக்காரன் உள்ளே வந்தான். நல்ல மனுஷன், மூளை மட்டும் கொஞ்சம் தாமதம்.

"என் வலது கை போச்சே. இனிமே என் லேத்தை யாரு தொடுவா?"

சர்க்கரையின் கழுத்து மெல்லத் திரும்பியது.

"உன் லேத்தை இவன் எதுக்குய்யா தொடணும்?" பெரியவர் முந்திக்கொண்டார். "தின்ன தட்டையே கழுவ மாட்டான், சோம்பேறிப் பய. வெட்டிப் பேச்சுக்கு உன் பட்டறை வாசல்ல குந்தியிருப்பான். அதுக்கா இந்த ஒப்பாரி?"

பட்டறைக்காரன் பெரியவரைப் பார்த்தான். சர்க்கரையைப் பார்த்தான். இந்தத் தடவை மூளை தாமதிக்கவில்லை.

"ஆமா," என்றான், கண்ணீர் மோவாயில் சொட்ட. "ஒரு ஸ்பானரை எடுத்துக் குடுய்யான்னாகூட எந்திரிக்க மாட்டாரு."

தெரு பிடித்துக்கொண்டது. "தூங்குமூஞ்சி," என்றாள் எதிர்வீட்டுக்காரி. அவள் வீட்டு மோட்டாரைக் காசு வாங்காமல் ஓட வைத்தவன் அவன். "பூமிக்குப் பாரம்," என்றார் கடைக்காரர். எந்தப் பிணமும் தன் வீட்டில் இத்தனை வசவு வாங்கியிருக்காது.

சர்க்கரை தம்பி மனைவியிடம் குனிந்தான். "அப்படியாம்மா?"

புருஷனை ஒரு நாளும் ஒரு சுடுசொல் சொல்லாதவள். துணி மூடிய கைகளைப் பார்த்தாள்.

"ஆமாங்க," என்றாள். "உக்காந்தேதான் தின்னாரு. நான் துணி தைச்சுப் போட்டேன்."

சர்க்கரை தலையை ஆட்டிக்கொண்டு மலர்வளையத்தைக் கால்மாட்டில் சாய்த்தான். கடையில் தயாராகக் கிடைத்த ரிப்பன். அதில் தங்க எழுத்தில் ‘அயராத உழைப்பாளிக்கு அஞ்சலி’. எதைக் கொண்டுவந்தோம் என்றுகூடப் படித்துப் பார்க்காதவன்.

கார் போனது. எதிர்வீட்டுக்காரி சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

தம்பி மனைவி துணியை விலக்கினாள். பெரியவர் மண்ணெண்ணெய்த் துணியை நீட்டினார்.

"வேணாம் மாமா."

வலது கையை வெளியே எடுத்து, கறை போகாத கட்டைவிரல் மேலே தெரியும்படி வெள்ளைத் துணியின் மேல் வைத்தாள்.