ஒரே சட்டியில்

ஷீலா சட்டியைக் கழுவிவிட்டு முகர்ந்து பார்த்தாள். பூண்டு போகவில்லை. மறுபடி தேய்க்க நேரமில்லை. கணவன் ஜெபின் ஆம்புலன்ஸுக்குச் சொல்லிவிட்டான். அப்பா இன்றைக்கும் சாப்பிடவில்லை என்றால் ஆஸ்பத்திரிதான், மூக்கில் டியூப்தான் என்று முடிவாகியிருந்தது.

"என்னை இந்தக் கட்டில்லயே விட்ருங்கம்மா," என்று மாமனார் ஞானையா அவளிடம் மட்டும் சொல்லியிருந்தார்.

அந்தச் சட்டி, ஜெபின் ஆபீஸ் கிறிஸ்துமஸ் குலுக்கலில் கிடைத்த ஃபாண்ட்யூ செட்டில் வந்தது. குட்டி அடுப்பு, மேலே சட்டி, பிரெட்டைக் குத்தித் தோய்த்துச் சாப்பிட நீளமான முள்கரண்டிகள். ஒரு தடவை சீஸ் உருக்கியதோடு பரணுக்குப் போய்விட்டது. மாமனார் யார் ஊட்டினாலும் வாயைத் திறக்காமல் முகத்தைத் திருப்பியபோதுதான் அவளுக்கு அது ஞாபகம் வந்தது. கட்டிலோரம் ஸ்டூலில் வைத்தால் ஆறாது. சாய்ந்தபடியே அவரே தோய்த்துக்கொள்ளலாம்.

காலையில் ஆட்டுக்கால் சூப். பிரெட் துண்டை வாய்வரை கொண்டுபோய்க் கீழே வைத்துவிட்டார். இப்போது அதே சட்டியில் தேங்காய்ப்பாலும் கருப்பட்டியும்.

பிரெட் துண்டைக் குத்தினார். முக்கினார். மென்றார்.

"என்னம்மா, பாயாசத்துல ஆடு நடந்து போச்சா?"

"கழுவினேன் மாமா."

"ஒங்க அத்தை இருந்திருந்தா சட்டிய ரோட்டுல எறிஞ்சிருப்பா."

"வேணாம்னா வச்சிருங்க."

"யாரு வேணாம்னா?"

இன்னொரு துண்டு. விழுங்கினார். அடுத்ததைக் குத்திவிட்டுத் தலையணையில் சாய்ந்தார். கரண்டி பிடித்த கை மார்பில் இறங்கியது.

ஷீலா காத்திருந்தாள். பால் கொதித்தது. அடுப்பை அணைத்தாள். மூக்கருகே விரல் வைத்தாள். மணிக்கட்டைப் பிடித்தாள். பிறகு கரண்டியை எடுத்துவிட்டு, தாடியில் ஒட்டியிருந்த பாலைத் துடைத்தாள். அழுகை வருமா என்று பார்த்தாள். வரவில்லை.

ஜெபின் ஹெல்மெட்டோடு அறை வாசலில் வந்து நின்றான்.

"சாப்ட்டாரா?"

"சாப்ட்டாரு."

"நெஜமாவா?"

"அவரே எடுத்து. ரெண்டு துண்டு."

"தூங்கட்டும், எழுப்பாத. வண்டி தெருவுக்குள்ள வந்துருச்சு, வேணாம்னு அனுப்பிட்டு வர்றேன்."

அவள் வாயைத் திறப்பதற்குள் ஓடிவிட்டான். அவள் கூப்பிடவில்லை.

சிட்லபாக்கத்தின் அந்தக் குறுகலான தெருவில் ஆம்புலன்ஸால் திரும்ப முடியவில்லை. ரிவர்ஸிலேயே போனது. ஜெபின் பின்னால் நின்று கையசைப்பது ஜன்னலில் தெரிந்தது.

"வரலாம், வரலாம்... லெஃப்ட்ல ஒடிங்கண்ணா!"

முனையில் வண்டி திரும்பியதும் அதன் முதுகில் இரண்டு தட்டு தட்டினான். ஹெல்மெட்டைக் கழற்றி, தலையைக் கோதிக்கொண்டு, அவசரமில்லாமல் வீட்டைப் பார்த்து நடந்து வந்தான்.