எல்லேக்காரன் கோச் ஆன கதை

என் புருஷன் கேதீஸ்வரனுக்குக் கோபம் வராது. ஓக்லாந்துக்கு வந்த நாளிலிருந்து அவருக்கும் சேர்த்து நான்தான் கோபப்பட்டுக்கொண்டிருக்கிறேன்.

ஊரில் அவர் பெயர்போன எல்லே வீரர். நானும் பள்ளிக்கூட எல்லே அணியில் இருந்தவள்தான். கம்பால் பந்தை அடித்துவிட்டு ஓடவேண்டும். ஓடுகிறவன் மேல் பந்தை எறிந்து பட்டுவிட்டால் அவன் அவுட். இங்கே வந்து பார்த்தால் பேஸ்போலின் தம்பி மாதிரி சொஃப்ட்போல் என்று ஒன்று. பெயர்தான் சொஃப்ட், பந்து கல்லு. அதே அடி, அதே ஓட்டம். மனுஷனுக்குத் தலைகால் தெரியவில்லை. முதல் மேட்சிலேயே பந்தைப் பொறுக்கி, ஓடிக்கொண்டிருந்தவனின் முதுகில் விட்டார் ஓர் எறி. அவன் குப்புற விழுந்தான். இவர் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு துள்ளுகிறார், அவுட்டாம்! இங்கே ஆளுக்கு எறியக்கூடாது, பேஸ் என்கிற தரிப்பில் நிற்கிற கூட்டாளிக்குத்தான் எறியவேண்டும் என்று ஒருத்தராவது முதலே சொன்னார்களா?

அந்த எறி அவரை விடவேயில்லை. ஐந்து கிளப் மாறினார். ஆள் குறைந்தால் கூப்பிடுவார்கள், ஆள் வந்தால் பெஞ்சில் இருத்துவார்கள். கடைசியாகப் போய்ச் சேர்ந்தது ஹென்டர்சனில். அங்கே தலைவர் கிரெய்க், ஒவ்வொரு வருஷ விருந்திலும் அந்த எறியைச் சொல்லிச் சிரிப்பார். “இவர் ஊரில் ஆளைக் கொன்றால்தான் அவுட்” என்பார். யாழ்ப்பாணத்தில் குண்டு விழுகிற காலத்தில், நாசமாய்ப் போனவனுக்குக் கொல்லுகிறது பகிடி! எல்லோரும் சிரிப்பார்கள். இவரும் பல்லைக் காட்டுவார். குட்டக் குட்டக் குனிகிறவனும் மடையன், குட்டுகிறவனும் மடையன் என்று காரில் வரும்போது நான் கத்துவேன். “விடும் மலர்” என்பார்.

தொண்ணூற்றாறில் இவருடைய முழங்கால் போனது. அதே நேரம் கிளப்பின் கடைசி அணிக்குக் கோச் இல்லை. தோற்றுத் தோற்று நாறிக் கிடந்த அணி, ஒருத்தரும் எடுக்கமாட்டார்கள். இவர் தலையில் கட்டினார்கள். மனுஷன் அதைத் தூக்கி நிறுத்தினார். மேட்ச் நடக்கும்போது கோச் கையால் சைகை காட்டவேண்டும் அல்லவா? இவர் நெற்றியில் திருநீறு பூசுகிற மாதிரி காட்டினால் மெல்லத் தட்டு. காதைப் பிடித்துத் தோப்புக்கரணம் போடுகிற மாதிரி என்றால் நின்ற இடத்தில் நில். சாரத்தை, அதுதான் லுங்கியை, மடித்துக் கட்டுகிற மாதிரி என்றால், பிடி ஓட்டம்! எதிரணிக்கு ஒரு கோதாரியும் விளங்காது. அணியில் சியோனே என்று பேக்கரியில் வேலை செய்கிற ஒரு சமோவாக்காரன், அவன் சாரம் மடிப்பதை இவரைவிட நன்றாகச் செய்து காட்டுவான். வென்று வென்று ஃபைனலுக்கே வந்துவிட்டார்கள்.

ஃபைனலுக்கு இரண்டு நாள் முன்னர் கிரெய்க் இவருக்கு ஃபோன் எடுத்தார். பெரிய மேட்ச், அனுபவம் வேண்டுமாம். கோச் தன் மைத்துனன் டெரெக்காம். இவர் வந்து பார்க்கலாமாம்.

“நீங்கள் என்ன சொன்னியள்?”

“ஓம் எண்டு சொன்னன். கிளப் அவையின்ரைதானே.”

“உங்களுக்கு விசரோ? நட்டுத் தண்ணி ஊத்தினது நீங்கள், நோகாமல் நுங்கு குடிக்கிறது அவனோ?”

“வெண்டால் அடுத்த வருஷம் எனக்குத் தருவினம் மலர்.”

அவருக்கு வேண்டியதெல்லாம் அந்த அணிதான். வேறு எதையும் இந்த நாட்டில் அவர் ஆசைப்பட்டு நான் பார்க்கவில்லை.

சனிக்கிழமை கம்பி வேலிக்கு வெளியே, தின்ன மீன் ரோல்ஸ் பெட்டியும் தேத்தண்ணி ஃப்ளாஸ்க்குமாக இருந்தோம். கடைசிச் சுற்று, இரண்டு அணியும் சமம். மூன்றாம் பேஸில் சியோனே. ஓடி, அடிக்கிறவன் நிற்கிற ‘வீடு’ சேர்ந்தால் வெற்றி. டெரெக் என்னவோ மூக்கைத் தொட்டு, தொப்பியைத் தொட்டுக் காட்டுகிறான். ஒருத்தனும் அவனைப் பார்க்கவில்லை. அத்தனை பேரும் வேலிப் பக்கம் திரும்பி இவரைப் பார்க்கிறார்கள்.

“கையை அசைச்சியளோ, நான் இப்பவே எழும்பிப் போயிடுவன். தோக்கட்டும்!” என்றேன்.

“அதுகள் என்ர பெடியள்” என்றார். எழும்பி நின்று, நெற்றியில் திருநீறு பூசினார். பிறகு காற்சட்டைக்கு மேலேயே சாரத்தை மடித்துக் கட்டினார். அடிக்கிறவன் மெல்லத் தட்டினான். சியோனே புழுதி கிளப்பிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தான்.

பரிசளிப்புக்கு எல்லோரும் மைதானத்துக்குள் போனோம். கிரெய்க் மைக்கைப் பிடித்தார். டெரெக்கின் மூளைக்குக் கிடைத்த வெற்றியாம். அடுத்த வருஷமும் அவனே கோச்சாம். பிறகு கேதீஸுக்கும் ஒரு கைதட்டல் கொடுங்கள் என்று, அதே பகிடி, அதே கொன்றால்தான் அவுட். பழக்கதோஷத்தில் இவர் சிரிக்கப் பார்த்தார். உதடு கோணிப்போனது. அதை என்னால் பார்க்க முடியவில்லை.

கிரெய்க் மைக்கை வைத்துவிட்டுக் கோப்பையைத் தூக்க மேசைப் பக்கம் ஓடினார். பந்து புல்லில் கிடந்தது. எடுத்தேன். ஓடுகிறவன்தானே? விட்டேன் ஓர் எறி. தோளுக்குக் கீழே, சத்தம் கேட்கப் பட்டது. இரண்டு கையையும் தூக்கினேன். “அவுட்!”

மைதானமே திரும்பி என்னைப் பார்த்தது. சியோனே மட்டும் விழுந்து விழுந்து சிரித்தான். இவர் ஃப்ளாஸ்க்கை எடுத்துக்கொண்டு, என் கையைப் பிடித்து இழுத்துக் காரில் ஏற்றினார்.

இனி அந்தக் கிளப்பில் கால் வைக்க முடியாது. ஏச்சு வரும் என்று காத்திருந்தேன். நியூ லின் சிக்னலில் கார் நின்றது.

“மலர்” என்றார், “எறியேக்கை உம்மட முழங்கை தாழ்ந்து போச்சு. உயர்த்தியிருந்தால் நடு முதுகிலை பட்டிருக்கும்.”

அவர் சிரிக்கவில்லை.