அரை அங்குலம்

"பெரியப்பா, இத்தனை பெரிய கதவை இத்துனூண்டு ஸ்க்ரூவா பிடிச்சுக்கும்?"

தம்பி மகள் இப்படிக் கேட்டது தம்பியின் புதுவீட்டு வாசற்கதவுக்குத் தாழ்ப்பாள் பொருத்திய அன்று. "பிடிச்சுக்கும் கண்ணு" என்று சொல்லிவிட்டார் தச்சர். கையிலிருந்தது அரையங்குல ஸ்க்ரூ; பெட்டியில் இரண்டங்குல ஸ்க்ரூவும் இருந்தது. ஆனால் தம்பி ஒவ்வோர் அறையாகத் திறந்து காட்டியதில் அவருக்கு வயிறு எரிந்துபோயிருந்தது. ஊருக்கெல்லாம் கதவு செய்கிறவர் வீட்டுக் குளியலறைக்கு இன்னும் சாக்குத் திரைதான். கெடுக்க நினைக்கவில்லை. நீள ஸ்க்ரூவுக்குக் கை போகவில்லை, அவ்வளவுதான்.

இரண்டு மாதம் கழித்து ஒரு பிற்பகல், இறுகிப்போன ஜன்னலைச் சீவிக் கொடுக்க அங்கே போயிருந்தார். தம்பி வேலைக்குப் போயிருந்தான். மணி அடித்தது. "மீட்டர் பாக்கணும்" என்றது ஒரு குரல்.

"போன வாரந்தானே பாத்தாங்க?" என்றபடி திறந்த தம்பி மனைவி, சட்டென்று கதவை அறைந்து தாழிட்டாள். "மாமா, அவன் கையில கத்தி."

முதல் இடி விழுந்தது. ஸ்க்ரூ துளையிலிருந்து மரத்தூள் மாவாக உதிர்ந்தது. இரண்டாம் இடியில் மேல்பக்க ஸ்க்ரூ ஒரு புரி வெளியே வந்தது. மூன்றாவதைத் தாங்காது என்பது அந்த வீட்டில் அவர் ஒருவருக்குத்தான் தெரியும்.

"பாப்பாவைத் தூக்கிட்டுப் பின்பக்கம் போய்ச் சத்தம் போடும்மா." கதவில் முதுகைக் கொடுத்துக் காலை ஊன்றினார்.

"பெரியப்பா, பிடிச்சுக்குமா?" அம்மாவின் தோளிலிருந்து குழந்தை கேட்டது.

அவர் குதிகாலை இன்னும் அழுத்தினார். ஒவ்வொரு இடியும் முதுகெலும்பில் இறங்கியது. ஆண்டவா, என் வயிற்றெரிச்சலுக்கு இந்தப் பிஞ்சையா கேட்கிறாய்?

அக்கம்பக்கத்தார் ஓடிவந்தார்கள். அவன் சுவரேறிக் குதித்து ஓடிவிட்டான். பிதுங்கிய ஸ்க்ரூவைப் பெருவிரலால் உள்ளே அழுத்திவிட்டு நின்றார் தச்சர்.

மாலையில் தம்பி அவர் கையைப் பிடித்துக்கொண்டான். "அண்ணன் போட்ட தாழ்ப்பாளாச்சே. வேற ஆள் போட்டிருந்தா கையோட வந்திருக்கும்."

"தாழ்ப்பாளா? மாமா முதுகுன்னு சொல்லுங்க" என்று அழுகையினூடே சிரித்தாள் அவள்.

"உன் குளியலறைக்கு மரம் நான் எடுத்துத் தர்றேண்ணே. வேணாம்னு சொல்லாதே."

அவர் கையை மெல்ல விடுவித்துக்கொண்டார்.

மறுநாள் காலை அவரைக் காவலுக்கு வைத்துவிட்டு மூவரும் புகார் எழுதிக் கொடுக்கப் போனார்கள். ஆறு ஸ்க்ரூவையும் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார். இரண்டங்குல ஸ்க்ரூக்களை ஒவ்வொன்றாகத் திருப்புளி பிடித்துக் கையாலேயே முறுக்கினார். முறுக்கும்போதெல்லாம் உதடு எதையோ முணுமுணுத்தது. பிறகு தாழிட்டு, நிலையில் ஒரு காலை ஊன்றி, கதவை இரு கையாலும் பிடித்து இழுத்துப் பார்த்தார்.

அசையவில்லை. மறுபடி, இன்னும் பலமாக இழுத்தார். சட்டைப்பையில் சின்ன ஸ்க்ரூக்கள் குலுங்கின.