முதல் துப்பு

எங்கள் மாகாணத்தில் காற்று ஒரே திசையில்தான் அடிக்கும். மேட்டிலிருந்து பள்ளத்துக்கு, இரவும் பகலும். அது திரும்பி அடித்ததாக யாரும் கேள்விப்பட்டதில்லை. அதனால் வீடுகளும் காற்றின் கணக்கில்தான். முதல் வரிசையில் ஒருத்தி தலை சீவினால் அந்த முடி கடைசி வரிசைக்காரன் தட்டில் கிடக்கும். மேலே இருப்பவர்களுக்கு ‘விடுகிறவர்கள்’ என்று பெயர். நாங்கள் ‘வாங்கிகள்’. வாங்கிக் கட்டிக்கொள்வதற்கென்றே பிறந்த கூட்டம்.

நான் கடைசி வரிசைக்கும் பின்னால் வேலை செய்கிறேன். அங்கே வயல்களைக் காப்பாற்ற இரண்டு ஆள் உயரத்துக்கு வலை கட்டியிருக்கிறார்கள். ஊர்க் குப்பையெல்லாம் அதில்தான் வந்து அப்பும். முடி, நகம், முட்டை ஓடு, மூக்குச் சிந்திய துணி, யாருடைய புண்ணிலோ ஒட்டியிருந்த கட்டு. எச்சில் காய்ந்து கண்ணிகளில் பசைபோல இறுகியிருக்கும். அதைக் குச்சியால் சுரண்டினால் வராது, நகத்தால்தான் உரிக்க வேண்டும். போகப் போகப் பழகிவிடும் என்றார் மேஸ்திரி. பழகவில்லை. பழகுவதற்கு நான் என்ன ஈயா?

அம்மாவுக்கு நெஞ்சு கெட்டுப்போயிருந்தது. ஊரார் தூசியை வாழ்நாள் முழுக்க மூச்சாக இழுத்தால் வேறென்ன ஆகும்? மருந்தால் ஒன்றும் நடக்காது, மேல்வரிசைக் காற்றுதான் மருந்து, இல்லையென்றால் அடுத்த அறுவடையைப் பார்க்கமாட்டார் என்று வைத்தியர் கையை விரித்துவிட்டார்.

அந்த நேரத்தில்தான் அண்ணனுக்குக் காற்றாலையில் மேற்பார்வை வேலை கிடைத்தது. மேற்பார்வையாளர்கள் முதல் வரிசையில்தான் குடியிருக்க வேண்டும். அம்மாவைக் கூட்டிப் போய்விடுவேன் என்று அண்ணன் சத்தியம் செய்தான். அண்ணி வாயைத் திறக்கவில்லை. அதை நான் சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

அம்மா தனக்கு ஒரு தலையணை தைத்தாள். மேலே போகிறபோது கௌரவமாகப் போக வேண்டுமாம். தன் கல்யாணத்து நீலத் துணியில் உறை. உள்ளே அடைக்க, வலையில் சிக்கிய இறகுகளை நான்தான் பொறுக்கி, நாற்றம் போகிறவரை அலசி அலசிக் காயவைத்துக் கொடுத்தேன். அண்ணன் சாமான்களோடு அதுவும் முன்னாலேயே மேலே போனது.

மேலே குடியேறுகிறவன் அன்றைக்கு ஒரு சடங்கு செய்ய வேண்டும். புது வீட்டு வாசலில் நின்று, கீழே தெருவில் நிற்கும் தன் சொந்தக்காரர்களைப் பார்த்துத் துப்ப வேண்டும். ‘முதல் துப்பு’ என்பார்கள். இனி இவன் வாங்கியில்லை என்பதற்கு அடையாளமாம். கேட்டாலே குமட்டுகிறது, இல்லையா? ஆனால் மனிதனாகப் பிறந்தவன் யாரும் அதை ஈரமாகச் செய்யமாட்டான். வாயைக் குவித்து வெறுமனே ‘தூ’ என்பான், கீழே நிற்பவர்களும் முகத்தைத் துடைப்பதுபோலப் பாவனை செய்வார்கள், அதோடு முடிந்தது.

அன்று அம்மாவும் நானும் தெரு நடுவில் நின்றோம். அண்ணன் புதுச்சட்டையில் வாசலுக்கு வந்தான். பக்கத்து வீட்டு விடுகிறவர்கள் ஜன்னல்களில் நின்று வேடிக்கை பார்த்தார்கள். அவன் தயங்குகிறானோ என்று அம்மாதான் பதறினாள்.

“துப்புடா, பரவால்ல” என்றாள்.

அவள் சொல்லி முடிப்பதற்குள் வந்துவிட்டது. தொண்டையைக் காறி, அடியிலிருந்து திரட்டி எடுத்தது. கொழகொழவென்று, மஞ்சளாக, குறி பிசகாமல் அம்மாவின் இடது கன்னத்தில் அப்பியது. காற்றின் வேகத்தைப் பார்த்து எவ்வளவு தள்ளித் துப்ப வேண்டும் என்று பழகாமல் அப்படி வராது. ஜன்னலில் யாரோ கைதட்டினார்கள். அண்ணன் சிரித்தான். அம்மா முந்தானையால் துடைத்துக்கொண்டு, பிள்ளைக்குச் சளி பிடித்திருக்கிறது என்று கவலைப்பட்டாள்.

அவளைக் கூட்டிப் போக யாரும் வரவில்லை. நானே ஒருநாள் ஏறிப் போய்க் கேட்டேன். அண்ணன் கதவைத் திறக்காமல் ஜன்னல் வழியாகவே பேசினான், மூக்கில் கைக்குட்டையோடு.

“உங்க அண்ணிக்கு அந்த வாடை ஒத்துக்கல. கொஞ்ச நாள் போகட்டும்.”

எந்த வாடை? அவன் பிறந்து வளர்ந்த வாடை. அந்த வீட்டுக் குப்பையைத்தான் நான் தினமும் கையால் அள்ளுகிறேன். எனக்கு ஒத்துக்கொள்ளும்போல.

அம்மாவிடம் அதை நான் சொல்லவில்லை. அவள் இருமிக்கொண்டே தினம் வலையடிக்கு வந்து உட்காருவாள். நான் உரித்துப் போடுவதைக் கிளறி அண்ணன் வீட்டுச் சரக்கைத் தேடுவாள். முட்டை ஓடு கிடைத்தால், “நல்லா சாப்பிடுறான்” என்பாள். சளித் துணி கிடைத்தால் முகம் வாடிவிடும். எனக்கு அருவருப்பு தாங்காது. கையை எடு என்று கத்துவேன். பெற்ற மனம் பித்து என்பார்கள். பித்தாக இருந்தாலும் பரவாயில்லை, எச்சில் குப்பையிலா கையை விட வேண்டும்?

அப்புறம் ஒரு காலையில் இறகுகள் வந்தன. ஒன்று, இரண்டு, பிறகு கொத்துக் கொத்தாக. வலையெல்லாம் வெள்ளை. அவற்றை நான் அலசியவள், எனக்குத் தெரியாதா? கடைசியில் நீலத் துணி வந்து ஒட்டிக்கொண்டது. தையல் விட்டுக் கிழியவில்லை, கத்தியால் நேராகக் கிழித்திருந்தார்கள்.

அம்மா அதைத் தடவிப் பார்த்தாள். வெட்டின இடத்தில் விரலை ஓட்டினாள். காற்றில் கிழிந்திருக்கும் என்று சொல்வாள் என நினைத்தேன். சொல்லவில்லை. எழுந்து மேட்டைப் பார்த்துத் திரும்பினாள். இருந்த மூச்சையெல்லாம் கூட்டி, காறி, முதல் வரிசையை நோக்கித் துப்பினாள்.

எதிர்க்காற்று. அது இரண்டு முழம்கூடப் போகவில்லை. திரும்பி வந்து அவள் முகத்திலேயே விழுந்தது.

நான் துண்டை எடுத்துக்கொண்டு ஓடினேன். அவள் என் கையைப் பிடித்துத் தடுத்தாள்.

“இருடி” என்றாள். “அவன் துப்புன அன்னைக்கும் இதே சூடுதான். நான் மென்னு ஊட்டுன வாய்தானே அது.”

துடைக்க விடாமல் அப்படியே நின்றாள். காற்று அதைக் கன்னத்திலேயே காயவைத்தது.