ஒரு சொட்டுக் கிடையாது

பிலிப்பைன் சினிமாவைத் தண்ணீரிலிருந்து கரையேற்ற ஆண்டவன் அனுப்பிய ஆள் தான்தான் என்பதில் எல்பிடியோவுக்கு எள்ளளவும் ஐயம் இருந்ததில்லை. காரணம் இருந்தது. ராணுவச் சட்டம் வந்த பிறகு, நடிகைகள் திரையில் துணியைக் கழற்றக் கூடாது என்றாகிவிட்டது. நனைக்கக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை. அன்று முதல் வெள்ளைச் சிம்மீஸ் போட்ட கதாநாயகிகள் ஆற்றில் விழுந்தார்கள், கிணற்றடியில் வழுக்கினார்கள். ஒருத்தி குடம் குடமாகத் தலையில் ஊற்றிக்கொண்டே கணவனின் சாவுச் செய்தியைக் கேட்டாள்.

"இவனுங்கல்லாம் கதாசிரியனா? ப்ளம்பருங்க!" என்பான் எல்பிடியோ.

அவனுடைய முதல் திரைக்கதை மழையே காணாத ஊரில் நடந்தது. ஆறு கிடையாது. கிணறு வற்றிவிட்டது. நாயகிக்கு வியர்ப்பதாக எழுதியிருந்த ஓர் இடத்தைக்கூட அடித்து நீக்கியிருந்தான்.

அந்த வறட்சிக்காகத்தான் மரிவிக் நாயகியாக நடிக்க ஒப்புக்கொண்டாள். படத்துக்குப் படம் நனைந்து அவளுக்கு நெஞ்சில் சளி குடிவந்துவிட்டது.

"தண்ணி சீன் இல்லையே அண்ணே? சத்தியமா?"

"என் பேனா மேல சத்தியம், தங்கச்சி. ஒரு சொட்டுக் கிடையாது."

படப்பிடிப்பு பாதியில் இருந்தபோது தயாரிப்பாளர் தோன்யா ரெமெடியோஸ் வந்து இறங்கினார். கையில் பாதி கடித்த சியோபாவ் பன்னோடு கதையைக் கடைசிப் பக்கம்வரை புரட்டினார்.

"தம்பி, இவ எங்க நனையிறா?"

"இது பஞ்சத்தோட கதைங்கம்மா."

"சரி, பஞ்சம் எப்ப முடியுது?"

"முடியாதுங்கம்மா. அதுதான் கலை."

"அப்ப படமும் முடியாது. அதுவும் கலைதான். போய் உக்காந்து யோசி. இல்ல, ப்ளம்பர் யாரையாச்சும் வரச் சொல்லட்டா?"

எல்பிடியோ வெளியே வந்து, படத்துக்காகப் போட்ட அட்டைத் தேவாலயத்தின் நிழலில் உட்கார்ந்தான். கழுத்தில் துண்டைச் சுற்றிக்கொண்டு, இருமியபடியே மரிவிக் வந்தாள்.

"அம்மா என்ன சொன்னாங்க அண்ணே?"

"கதை ரொம்பப் புடிச்சிருக்காம். சின்னதா ஒரு திருத்தம்."

"எதுல?"

"வானிலையில."

அவள் துண்டை இன்னும் இறுக்கிச் சுற்றிக்கொண்டாள்.

"பேனாவப் பத்திரமா வச்சுக்கங்கண்ணே. நனைஞ்சிடப் போவுது."

அவள் போனதும் எல்பிடியோ பேனா மூடியைத் திருகி எழுதினான்: 'மேகம் கறுக்கிறது. கொட்டும் மழை. நாயகி வெள்ளைச் சிம்மீஸில் ஓடி வருகிறாள்.'

பிறகு எழுந்துபோய், சமையல்காரரிடம் பெரிய அண்டா ஒன்றை இரவல் கேட்டு, யாரிடமும் சொல்லாமல் அந்த மழைக்கு வெந்நீர் போட்டான்.